எல்லை தாண்டித் திரும்பிய கவிஞர்

(சுத்துக்கேணியில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



இன்று பிற்பகல் புதுச்சேரியிலிருந்து புறப்பட்டு, வில்லியனூரைக் கடந்து, பத்துக்கண்ணு வழியாக இவ்வூரை நோக்கி வந்துகொண்டிருந்தபோது, நம்முடைய பிரதேசம் எவ்விடத்தில் முடிகிறது, தமிழ்நாடு எவ்விடத்தில் தொடங்குகிறது என்பதைச் சாலையோரத்துப் பெயர்ப்பலகைகளைக் கொண்டே அறிய வேண்டியிருந்தது. வரப்புக்கு இப்பால் ஒரு ராஜாங்கமும் அப்பால் வேறொரு ராஜாங்கமுமாக இந்த மண் பிரிந்து கிடந்த நாட்களைப் பற்றி என் பாட்டனார் பலமுறை சொல்லக் கேட்டிருக்கிறேன். பெண் கொடுத்த ஊர் பிரெஞ்சுக்காரனுடையதாகவும் பெண் எடுத்த ஊர் இங்கிலீஷ்காரனுடையதாகவும் இருக்க, சீர்வரிசை ஏற்றிய மாட்டுவண்டியைச் சாவடியில் நிறுத்தி, வைக்கோலைக் குத்திப் பார்த்த பிறகே விடுவார்களாம். 1954ஆம் ஆண்டு அக்டோபர் 18ஆம் தேதி, நமக்கு அண்மையிலுள்ள கீழூரில் மக்கள் பிரதிநிதிகள் 178 பேர் கூடி, அவர்களில் 170 பேர் இந்தியாவோடு இணைவதற்கு இசைந்து வாக்களித்த பிறகுதான் அந்தக் கோடு அழிந்தது.

அழிந்துபோன அந்தக் கோட்டை, அது உயிரோடிருந்த காலத்தில், தம் இஷ்டப்படி தாண்டித் தாய்நாடு திரும்பிய ஒரு கவிஞரைப் பற்றி இன்று உங்களோடு பேச வந்திருக்கிறேன். சுப்பிரமணிய பாரதியார் புதுச்சேரிக்கு வந்த கதையைப் பள்ளிப் பிள்ளைகள்கூட அறிவார்கள். அவர் இங்கிருந்து திரும்பிப் போன கதையை நாம் அவ்வளவாகப் பேசுவதில்லை. வந்த கதையில் வீரம் இருக்கிறது. போன கதையிலோ துக்கம் இருக்கிறது. துக்கமான கதையை நாம் தயங்கித் தயங்கியே சொல்லப் பழகியிருக்கிறோம். ஆயினும் அந்த இரண்டாவது கதையிலேயே அந்த மனிதரின் முழு உருவமும் தெரிகிறது என்பது என் துணிபு.

1908ஆம் ஆண்டு 'இந்தியா' பத்திரிகையின் பேரில் ராஜத்துவேஷ வழக்குத் தொடரப்பட்டு, சட்டப்படி அதன் ஆசிரியராகப் பதிவாகியிருந்த சீனிவாசன் என்பவர் சிறை சென்றபோது, உண்மையில் எழுதிக்கொண்டிருந்தவர் இருபத்தைந்து வயது பூர்த்தியாகிச் சில மாதங்களேயான பாரதியார். நண்பர்களின் வற்புறுத்தலால் அவர் புதுச்சேரிக்கு வந்து சேர்ந்தார். அவ்வாண்டு அக்டோபரில் பத்திரிகை மீண்டும் இங்கிருந்து வெளிவரத் தொடங்கியது. பிரிட்டிஷ் எல்லைக்குள் அது நுழையாதபடி அரசாங்கம் தபாலையே அடைத்துவிட்டதால் 1910 மார்ச்சோடு நின்றுபோயிற்று. அதற்குப் பிறகு எழுதியதை வெளியிடப் பத்திரிகையில்லை. வெளியே போக வழியுமில்லை. ஆனால் அந்த அடைபட்ட வாழ்க்கையிலேதான் பாஞ்சாலி சபதமும் கண்ணன் பாட்டும் குயில் பாட்டும் பிறந்தன. இவற்றை நம்முடைய மண்ணின் பெருமையாக நாம் கொண்டாடுகிறோம், கொண்டாட வேண்டியதே. ஆனால் இவற்றைத் தாய்நாடு எப்போது கண்டது என்று ஒரு கணம் யோசித்துப் பாருங்கள். கண்ணன் பாட்டை 1917இல் பரலி சு. நெல்லையப்பர் சென்னையில் அச்சிட்டார். பாஞ்சாலி சபதத்தின் முதற்பாகம் 1912இல் வந்தது. இரண்டாம் பாகம் கவிஞர் இறந்த பின்னரே அச்சேறியது. குயில் பாட்டும் அவ்விதமே. ஆகவே 1918இல் அவர் திரும்பிச் சென்றபோது, தமிழ்நாட்டு ஜனங்களின் ஞாபகத்திலிருந்த பாரதி, சிவப்புக் காகிதத்தில் அனல் கக்கிய 1908ஆம் வருஷத்துப் பத்திரிகாசிரியரே. குயில் தோப்பிலிருந்து எழுந்துபோன மகாகவியை அவர்கள் இன்னும் சந்திக்கவேயில்லை.

அந்தப் புறப்பாட்டுக்கு வருவோம். ஐரோப்பிய மகாயுத்தம் 1918 நவம்பர் 11ஆம் தேதி ஓய்ந்தது. அதிலிருந்து ஒன்பதாம் நாள், நவம்பர் 20ஆம் தேதி, பாரதியார் பிரெஞ்சு எல்லையைக் கடந்து கடலூருக்கு அருகே பிரிட்டிஷ் போலீசாரால் கைது செய்யப்பட்டார். புதுச்சேரிக்கும் கடலூருக்கும் இடையே ஏறக்குறைய பதினான்கு மைல் இருக்கும். பத்து வருஷ காலம் அவர் தாண்ட முடியாதிருந்த தூரம் அவ்வளவே. தாய்நாட்டு மண்ணில் முதன்முதலாக அவரை எதிர்கொண்டது கடலூர்ச் சிறைச்சாலை. டிசம்பர் 11ஆம் தேதி அவருக்கு முப்பத்தாறு வயது நிறைந்தது. அந்தப் பிறந்தநாளும் அச்சிறையிலேயே கழிந்தது. அன்னி பெசன்ட் அம்மையார், சி.பி. ராமசாமி ஐயர், 'சுதேசமித்திரன்' ஆசிரியர் ஏ. ரங்கசாமி ஐயங்கார் முதலியோர் முயற்சி செய்ததன் பேரில் டிசம்பர் 14ஆம் தேதி அவரை விடுவித்தார்கள். திருநெல்வேலி ஜில்லாவுக்குள் வசிக்க வேண்டும், எழுதுவதைப் போலீஸ் அதிகாரியின் பார்வைக்கு அனுப்பிய பிறகே வெளியிட வேண்டும் என்பவை விடுதலையின் நிபந்தனைகள்.

தேசம் அவரை ஏறக்குறைய மறந்திருந்தது. அரசாங்கத்தின் காகிதக்கட்டு மட்டும் அவரை மறக்கவேயில்லை. பத்து வருஷத்துக்கு முந்தைய எழுத்துக்காக, பத்து வருஷத்துக்குப் பிந்தைய மனிதரை அது எல்லையிலே காத்திருந்து பிடித்தது.

நம் கொம்யூன்களில் முற்காலத்தில் பல வீடுகளிலிருந்தும் பிள்ளைகள் பிரெஞ்சுப் பட்டாளத்தில் சேர்ந்து சைகோனுக்குப் போனார்கள். பல வருஷங்கள் கழித்துப் பென்ஷனோடு திரும்பிய அந்தச் சொல்தாக்களை உங்களில் மூத்தவர்கள் அறிவீர்கள். திண்ணையில் உட்கார்ந்து தாம் விட்டுச்சென்ற கிணற்றையும் புளியமரத்தையும் தேடுகிற அவர்களுடைய கண்களை நான் சிறுவனாக இருந்தபோது கண்டிருக்கிறேன். ஊரிலேயே இருப்பவர்கள் ஊரோடு சேர்ந்து தினந்தோறும் சிறிது சிறிதாக மாறுகிறார்கள். அதனால் மாற்றம் அவர்களுக்குத் தெரிவதில்லை. வெளியே போயிருந்து வருகிறவனுக்கோ பத்து வருஷத்து மாறுதலும் ஒரே நாளில் முகத்திலடித்தாற்போல் வந்து விழுகிறது. ஆனால் பாரதியாருக்கு நேர்ந்தது இதைவிடக் கடினமானது. மாறாமல் இருந்திருக்க வேண்டியவை மாறிப்போயிருந்தன. மாறியிருக்க வேண்டியவையோ போட்டது போட்டபடி அப்படியே கிடந்தன. இவ்விரண்டையும் ஒரே நேரத்தில் தாங்க வேண்டியவராய் அவர் வந்து சேர்ந்தார்.

மாறிப்போனவற்றை முதலில் சொல்கிறேன். அவரை 1904இல் சென்னைக்கு அழைத்துவந்து பத்திரிகைத் தொழிலில் பழக்கிய ஜி. சுப்பிரமணிய ஐயர் 1916இல் காலமாகிவிட்டார். பாரதியார் உயிரினும் மேலாக நேசித்த வ.உ. சிதம்பரம் பிள்ளை 1912 டிசம்பரில் சிறையிலிருந்து வெளிவந்தபோது வரவேற்க விரல்விட்டு எண்ணத்தக்க சிலரே வந்திருந்தனர். சுதேசிக் கப்பல் கம்பெனி கலைந்து, கப்பல்கள் விற்கப்பட்டு, வக்கீல் சன்னதும் பறிக்கப்பட்டு, அவர் குடும்பத்தைக் காப்பாற்றவே அல்லற்பட்டுக்கொண்டிருந்தார். சுப்பிரமணிய சிவா சிறையிலிருந்து தொழுநோயோடு வெளியே வந்திருந்தார். 1906 முதல் 1908 வரை தூத்துக்குடியிலும் திருநெல்வேலியிலும் சென்னைக் கடற்கரையிலும் கொழுந்துவிட்டெரிந்த அந்தச் சுதேசித் தீயின் சாம்பலைத்தான் பாரதியார் கண்டார். அரசியல் இப்போது வேறு பாஷையில் பேசிற்று. அன்னி பெசன்ட் அம்மையாரின் ஹோம்ரூல் இயக்கம் ஒரு பக்கம். 1916இல் தோன்றிய நீதிக்கட்சி எழுப்பிய கேள்விகள் மற்றொரு பக்கம். சம்பாரணிலிருந்து புகழ் பரவி வந்த காந்தி என்ற புதிய மனிதர் இன்னொரு பக்கம். 1919இல் சென்னையில் ராஜாஜி குடியிருந்த கதீட்ரல் சாலை வீட்டில் பாரதியார் காந்தியடிகளைச் சந்தித்த நிகழ்ச்சியை, உடனிருந்த எழுத்தாளர் வ.ரா. எழுதிவைத்திருக்கிறார். நேராக உள்ளே சென்று, தம்முடைய திருவல்லிக்கேணிக் கூட்டத்துக்கு வரமுடியுமா என்று கேட்டு, அன்று இயலாது என்று அறிந்ததும், காந்தியடிகள் ஆரம்பிக்கப்போகும் இயக்கத்தை ஆசீர்வதித்துவிட்டு அவர் வெளியேறினார். யார் இவர் என்று காந்தியடிகள் பிறரைக் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது. இந்தச் சம்பவத்தைக் கவிஞரின் கம்பீரத்துக்கு உதாரணமாகவே எல்லோரும் எடுத்துரைப்பர். நான் படிக்கும்போதெல்லாம் என் மனம் அந்தக் கேள்வியிலேயே நின்றுவிடுகிறது. தேசத்தின் புதிய தலைவருக்கு, தேசத்தைப் பாடியவரை இன்னாரென்று மற்றவர்கள் சொல்ல வேண்டியிருந்தது.

இனி மாறாதவற்றுக்கு வருகிறேன். இதுவே எனக்கு மிகவும் முக்கியமாகப் படுகிறது. நிபந்தனையின்படி அவர் சென்று தங்கியது கடையம். மனைவி செல்லம்மாளின் ஊர். மலையடிவாரத்தில் அமைந்த அழகிய ஊர். ஆனால் அங்கே அக்ரகாரம், அவர் சிறுவயதில் கண்ட அக்ரகாரமாகவே இருந்தது. புதுச்சேரியிலோ அவர் 1913இல் ரா. கனகலிங்கம் என்ற ஆதித்திராவிட இளைஞருக்குத் தம் கையாலேயே பூணூல் அணிவித்தவர். எல்லா ஜாதியாரோடும் உண்டு, உலாவி, வாதாடி, பாடி வாழ்ந்தவர். பிரெஞ்சு ராஜ்யத்திலும் ஜாதிக் கொடுமை இல்லாமலில்லை. அதை நம் கிராமங்களிலிருக்கும் நாமே மறைக்கக் கூடாது. ஆயினும் ஊராரின் கட்டுப்பாட்டுக்கு உட்படாத அந்நியனாய் அவர் இங்கே இருந்ததால், தமக்கு உகந்த வாழ்க்கையைத் தாமே அமைத்துக்கொள்ள முடிந்தது. அந்நியனாயிருப்பதில் அப்படி ஒரு சுதந்திரம் உண்டு. சொந்த ஊருக்குத் திரும்பியவுடன் அச்சுதந்திரம் போய்விடுகிறது. அவன் இன்னாருடைய மருமகன், இன்ன தெருக்காரன் ஆகிவிடுகிறான். பத்து வருஷம் பழகிய சமத்துவத்தை ஓர் இரவில் கழற்றி வைக்க அவரால் இயலவில்லை. அக்ரகாரத்தால் அதைப் பொறுக்கவும் இயலவில்லை. அவர் ஒதுக்கப்பட்டார். ஒதுக்கப்பட்ட அந்த நிலையிலும், 1920இல் கடையத்துக்கு அருகிலுள்ள பொட்டல்புதூருக்குச் சென்று, முஸ்லிம்களின் மத்தியில் இஸ்லாம் மார்க்கத்தின் மகிமையைப் பற்றிச் சொற்பொழிவாற்றினார்.

இங்கே அவருடைய இளைய மகள் சகுந்தலாவையும் நாம் நினைக்க வேண்டும். 1908இல் பிறந்த குழந்தை அவள். பாப்பாப் பாட்டு அவளை முன்னிட்டுப் பிறந்தது. தந்தைக்குத் தாய்நாடு திரும்புவதாக இருந்தது எதுவோ, அது அவளுக்கு நினைவு தெரிந்த நாள் முதல் பழகிய ஊரை விட்டுப் போவதாக இருந்திருக்குமல்லவா? ஒரு குடும்பத்தில் ஒருவருக்கு முடிகிற நாடுகடந்த வாழ்வு மற்றொருவருக்கு அன்றுதான் ஆரம்பமாகிறது. புதுச்சேரி வாழ்வின் சுவடு எல்லாம் பிற்காலத்தில் சகுந்தலா எழுதிய 'என் தந்தை' என்ற நூலில் இருக்கிறது. அதை உங்கள் வீட்டுப் பெண்மக்களிடம் கொடுத்து வாசிக்கச் சொல்லுங்கள்.

நிபந்தனைகளுக்கு அவர் இணங்கியதைக் குறையாகச் சொல்வோர் உண்டு. பிரெஞ்சு தேசத்து விக்தோர் உய்கோவை அவர்கள் எடுத்துக்காட்டுவார்கள். மூன்றாம் நெப்போலியனை எதிர்த்து 1851இல் நாட்டைவிட்டு வெளியேறிய அந்த மகாகவி, 1859இல் பொதுமன்னிப்பு அளிக்கப்பட்டபோதும் அதை ஏற்க மறுத்து, சாம்ராஜ்யம் வீழ்ந்த பின்னர் 1870 செப்டம்பர் 5ஆம் தேதியே பாரிஸ் திரும்பினார். ரயிலடியில் ஜனசமுத்திரம் திரண்டு வரவேற்றது. அவருடைய உறுதியை நான் வணங்குகிறேன். அவரும் தாம் விட்டுச்சென்ற பாரிஸைக் காணவில்லை. பழைய சந்துகளையெல்லாம் இடித்து ஓஸ்மான் என்ற அதிகாரி அகன்ற வீதிகளைப் போட்டுவிட்டிருந்தார். ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். உய்கோ நாடுகடந்து வாழ்ந்த கெர்ன்சித் தீவில் ஒரு பெரிய வீட்டை 1856இல் விலைக்கு வாங்கினார். தம் கவிதைப் புத்தகம் ஒன்று விற்ற பணத்தில் வாங்கினார். அவருடைய வாசகர்கள் அவருக்குச் சோறிட்டார்கள். அதனால் மன்னிப்பை மறுக்க அவருக்கு வலிமையிருந்தது. நம் கவிஞருக்கு யார் சோறிட்டார்கள்? புதுச்சேரி நண்பர்கள் சிலர். தமிழர்கள் புத்தகம் வாங்கியிருந்தால் பாரதியார் எந்தக் காகிதத்திலும் கையெழுத்திட வேண்டியிருந்திராது. அந்தக் குற்றத்தை அவர் தலையில் ஏற்றுவதற்கு நமக்கு யோக்கியதை கிடையாது.

அதே புதுச்சேரித் தெருக்களில் அவரோடு உலாவிய மற்ற இருவர் தேர்ந்துகொண்ட வழிகளும் இங்கே நினைக்கத்தக்கவை. 1910 ஏப்ரல் 4ஆம் தேதி வந்த அரவிந்தர் திரும்பவேயில்லை. 1920இல் நாகபுரி காங்கிரஸுக்குத் தலைமை வகிக்க அழைத்தபோதும் மறுத்து, 1950இல் மறையும் வரை இங்கேயே இருந்தார். அவருடைய கதை அவ்வளவில் பூரணம். லண்டனிலிருந்து மாறுவேஷத்தில் தப்பி 1910இல் இங்கு வந்த வ.வே.சு. ஐயரோ, பொதுமன்னிப்புக்குப் பின் 1920இல் திரும்பினார். 'தேசபக்தன்' ஆசிரியராகி, மறுவருஷமே ராஜத்துவேஷக் குற்றத்துக்காகப் பெல்லாரிச் சிறைக்குப் போய், அங்கே கம்பராமாயணத்தைப் பற்றி ஆங்கிலத்தில் அரிய ஆராய்ச்சி நூல் எழுதினார். பிறகு சேரன்மாதேவியில் குருகுலம் நடத்தினார். அங்கே பிராமணப் பிள்ளைகள் இருவருக்குத் தனிப்பந்தி இட்டதால் மூண்ட தகராறு தமிழ்நாட்டு அரசியலையே உலுக்கியது. வரதராஜுலு நாயுடுவும் பெரியாரும் அதைக் கடுமையாக எதிர்த்தனர். எதிர்த்தது நியாயமே என்று நான் கருதுகிறேன். ஐயர் சிறுமதியுடையவரல்லர், தாம் கொடுத்துவிட்ட ஒரு வாக்குக்குக் கட்டுப்பட்டார். ஆனால் பந்தி என்பது தமிழ்நாட்டில் எத்தகைய எரியும் பிரச்சினையாகிவிட்டது என்பதை, அந்தப் பத்து வருஷத்து வாதங்களைத் தெருவில் நின்று கேட்டிராத அவரால் உரிய காலத்தில் உணர முடியவில்லை. 1925 ஜூன் 3ஆம் தேதி பாபநாசத்து அருவியில் தவறி விழுந்த மகளைக் காப்பாற்றப் பாய்ந்து அவரும் மாண்டார்.

ஐயர் தாய்நாட்டின் மாற்றத்தை அறியாமல் அடிபட்டார். பாரதியார் தாய்நாட்டின் மாறாமையை அறிந்தே அடிபட்டார் என்று எனக்குத் தோன்றுகிறது.

அடிபட்டவர் என்ன செய்தார்? 1919இல் எட்டயபுரம் ஜமீன்தாருக்குச் சீட்டுக்கவி எழுதினார், பயனில்லை. பழைய ஊரின் பழைய வாசல் திறக்கவில்லை. அதற்கடுத்த வருஷம் அவர் வேறொரு வாசலைத் தட்டினார். தம் கையெழுத்துப் பிரதிகளையெல்லாம் 40 புத்தகங்களாக்கி, ஒவ்வொன்றிலும் 10,000 பிரதிகள் அச்சிட்டு, ஆக 4 லட்சம் புத்தகங்களைத் தமிழ்நாடெங்கும் பரப்பப் போவதாகவும், அதற்கு முதல் கடனாகத் தந்துதவ வேண்டுமென்றும் நண்பர்களுக்குச் சுற்றறிக்கை விடுத்தார். தீப்பெட்டியும் மண்ணெண்ணெயும் வீடுதோறும் வாங்கப்படுவதைப் போலத் தமிழ்ப் புத்தகங்களும் வாங்கப்பட வேண்டும் என்பது அவருடைய எண்ணம். கையில் காசில்லாத, அச்சமும் நோயும் சூழ்ந்த ஒரு மனிதர், நான்கு லட்சம் என்ற தொகையை எழுதுகிறார்! அதைப் பேராசை என்று சிரித்தவர்கள் அன்று இருந்திருக்கலாம். எனக்கு அதை வாசிக்கையில் கண் கலங்குகிறது. ராஜாக்களை நம்பிய கவிஞர்களின் வரிசையிலிருந்து அவர் வெளியேறி, பிடிப்பிடியாக நெல் அளந்து வாங்கும் சாதாரண ஜனங்களை நம்பத் துணிந்த இடம் அதுவே. நாடு மாறவில்லையென்று அழுதுகொண்டிராமல், மாற்றுவதற்கு எத்தனை பிரதிகள் வேண்டுமென்று கணக்குப் போட்டார். அந்தக் கணக்குக்குப் பணம் வரவில்லை, திட்டம் கைகூடவில்லை.

1920 நவம்பரில் சென்னைக்கு வந்து மீண்டும் சுதேசமித்திரனில் அமர்ந்தார். பதினாறு வருஷங்களுக்கு முன் முதன்முதல் அமர்ந்த அதே பத்திரிகை. திருவல்லிக்கேணியில் வாசம். பார்த்தசாரதி கோயில் யானை அவரைத் தள்ளிய அன்று, யானை நின்ற இடத்துக்குள் குதித்து அவரைத் தூக்கி வந்தவர் குவளைக்கண்ணன். புதுச்சேரியில் கூடவே இருந்த தோழர். நாடு மறந்திருந்த மனிதரை எடுத்துத் தோளில் சாய்த்துக்கொண்டது நம்முடைய ஊர் நட்பு என்று எண்ணும்போது, இந்தப் பிரதேசத்தில் பிறந்ததற்காக என் மனம் பெருமிதம் கொள்கிறது.

யானை அடித்த காயம் ஆறியபின், 1921 ஜூலை மாத இறுதியில் ஈரோட்டுக்குப் பிரயாணம் செய்தார். பெரிய மாநாட்டுக்கன்று, கருங்கல்பாளையம் என்ற சிறிய ஊரின் வாசகசாலை நடத்திய ஆண்டுவிழாவுக்கு. உங்களைப் போன்ற குடியானவர்களும் நெசவாளரும் வியாபாரிகளும் வாழ்கிற, ஏறக்குறைய இதைப் போன்ற ஒரு ஊரிலே, புத்தகம் வாசிக்கக் கூடிய மனிதர்களின் எதிரே நின்று, 'மனிதனுக்கு மரணமில்லை' என்ற விஷயத்தைப் பற்றிப் பேசினார். மறுநாள் ஈரோட்டில் 'இந்தியாவின் எதிர்கால நிலை' என்பதைப் பற்றிப் பேசினார். திரும்பி வந்து, அந்த யாத்திரையை விவரித்து ஒரு கட்டுரை எழுதி, ஆகஸ்டு 4ஆம் தேதி சுதேசமித்திரனில் வெளியிட்டார். ஊர் மாறிவிட்டதே, மனிதர் மறந்துவிட்டனரே என்ற குறை அதில் ஒரு வரியும் இல்லை. ரயில், வண்டி, வழி, கூட்டம், பேச்சு இவையே இருக்கின்றன. செப்டம்பர் மாதம் 11ஆம் தேதி நள்ளிரவு கடந்து அவர் உயிர் நீத்தார்.